ரேமண்ட் சாண்ட்லர்: வாழ்க்கையும் எழுத்தும் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ரேமண்ட் சாண்ட்லர் யார்?

அமெரிக்கத் துப்பறியும் நாவலாசிரியர். 1888 ஜூலை 23 அன்று சிகாகோவில் பிறந்தார். 1959 மார்ச் 26 அன்று கலிபோர்னியாவில், கடலோர ஊரான லா ஹோயாவில் இறந்தார். அவர் எழுதி முடித்த நாவல்கள் ஏழே ஏழு. ஏழிலும் ஃபிலிப் மார்லோ என்ற தனியார் துப்பறிவாளரே கதை சொல்கிறார். களம் பெரும்பாலும் லாஸ் ஏஞ்சலஸும் அதன் சுற்றுப்புறமும். தனி ஆளாக ஓர் அலுவலகம் வைத்துக்கொண்டு, மேசை இழுப்பறையில் மதுப்புட்டியோடு வாடிக்கையாளருக்காகக் காத்திருக்கும் துப்பறிவாளரை இன்று எந்தப் படத்தில் பார்த்தாலும், அந்த உருவத்தில் பாதி அவருக்கு முன்னோடியான துப்பறியும் எழுத்தாளர் டாஷியல் ஹாமெட்டுக்குச் சொந்தம், மீதி சாண்ட்லருக்குச் சொந்தம்.

சிகாகோவில் பிறந்தவர் எப்படி ஆங்கிலேயப் பள்ளியில் படித்தார்?

தந்தை ரயில்வேயில் பொறியாளர். குடிக்கு அடிமையாகிக் குடும்பத்தைக் கைவிட்டவர். தாய் ஃபுளோரன்ஸ் அயர்லாந்தில் பிறந்தவர். 1900ஆம் ஆண்டில் தாய் தம் ஒரே மகனை அழைத்துக்கொண்டு லண்டனில் இருந்த உறவினர்களிடம் போய்ச் சேர்ந்தார். பையன் டல்விச் கல்லூரி என்ற புகழ்பெற்ற பள்ளியில் சேர்க்கப்பட்டான். (நகைச்சுவை எழுத்தாளர் பி. ஜி. வுட்ஹவுஸ் படிப்பை முடித்து வெளியேறியதும் அதே பள்ளியிலிருந்துதான், அதே ஆண்டில்தான். ஒரே வாசல் வழியாக ஒருவர் வெளியே போக மற்றவர் உள்ளே வந்திருக்கிறார்.) அங்கே அவருக்கு லத்தீனும் கிரேக்கமும் ஊட்டப்பட்டன. தெருமொழியில் துப்பறியும் கதை எழுதுகிறவருக்குச் செவ்வியல் படிப்பு எதற்கு என்று கேட்கத் தோன்றும். படாடோபமான எழுத்தைக் கண்டு ஏமாந்துபோகாமல் அந்தப் படிப்பே தம்மைக் காத்தது என்பது அவர் பிற்காலத்தில் சொன்ன பதில்.

1907இல் அரசுப் பணித் தேர்வு எழுதுவதற்காகப் பிரிட்டிஷ் குடியுரிமை பெற்று, கடற்படைத் துறையில் எழுத்தர் வேலையில் சேர்ந்தார். அதிக நாள் தாக்குப்பிடிக்கவில்லை. மேலதிகாரிகளுக்கு வணக்கம் போடும் வாழ்க்கை அவருக்கு ஒத்துவரவில்லை. குடும்பத்தார் தலையில் அடித்துக்கொண்டார்கள். பிறகு பத்திரிகைகளுக்குக் கவிதையும் மதிப்புரையும் எழுதிப் பார்த்தார். அந்தக் கவிதைகளைத் தேடிப் படித்தவர்கள், அவற்றை எழுதிய கைதான் மார்லோவையும் எழுதியது என்று சத்தியம் செய்து சொன்னாலும் நம்ப மாட்டார்கள். 1912இல் மாமாவிடம் 500 பவுண்டு கடன் வாங்கிக்கொண்டு அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்.

எழுத்தாளர் ஆவதற்கு முன் அவர் என்ன வேலை பார்த்தார்?

டென்னிஸ் மட்டைகளுக்கு நரம்பு கட்டியிருக்கிறார். தோட்டங்களில் பழம் பறித்திருக்கிறார். கணக்குப் பதிவியல் கற்றுக்கொண்டு லாஸ் ஏஞ்சலஸில் ஒரு பால் நிறுவனத்தில் கணக்கு எழுதியிருக்கிறார். 1917இல் கனடா நாட்டுப் படையில் சேர்ந்து, பிரான்ஸில் பதுங்குகுழிப் போரைக் கண்டார்.

போர் முடிந்து திரும்பியவர், 1922இல் டாப்னி எண்ணெய் நிறுவனத்தில் சேர்ந்தார். அது லாஸ் ஏஞ்சலஸ் மண்ணுக்கடியிலிருந்து எண்ணெய் பீறிட்டுக்கொண்டிருந்த காலம். 1931க்குள் துணைத் தலைவர் பதவிக்கு உயர்ந்தார். மாதச் சம்பளம் 1,000 டாலர் என்பது அன்று பெரும் தொகை. மறு ஆண்டே வேலை போயிற்று. பொருளாதாரப் பெருமந்தம்தான் காரணம் என்று சுருக்கமாகச் சொல்லிவிடுவது வழக்கம். ஆனால் குடி, சொல்லாமல் கொள்ளாமல் விடுப்பு, அலுவலகப் பெண்களோடு தொடர்பு ஆகியவைதான் அவரை வெளியே தள்ளின. அப்போது அவருக்கு வயது 44.

அந்தப் பத்தாண்டு வீணாகவில்லை. அவருடைய முதல் நாவலில் வரும் கோடீசுவரக் குடும்பத்தின் செல்வம் எண்ணெய்க் கிணறுகளிலிருந்து வந்தது. கிணறுகளின் நாற்றம் மூக்கில் ஏறாத உயரத்துக்கு, மேட்டின் மேல் வீட்டைக் கட்டிக்கொண்டு போய்விட்டார்கள். ஆனாலும் முன் சன்னலில் நின்றால் தங்களைப் பணக்காரர்களாக்கிய அந்தக் கிணறுகள் கண்ணில் படும். நாவலின் முடிச்சு அவிழ்வதும் கைவிடப்பட்ட எண்ணெய்க் கிணற்றின் அருகில்தான். கணக்குப் புத்தகத்தில் பத்தாண்டு எண்ணெயைப் பார்த்தவருக்கே இப்படி எழுத வரும்.

44 வயதுக்கு மேல் எழுதக் கற்றுக்கொண்டது எப்படி?

ஒரு மாணவனைப் போலவே கற்றுக்கொண்டார். மலிவுத் தாளில் அச்சாகி, படித்ததும் தூக்கிப்போடப்பட்ட 'பல்ப்' இதழ்களை வாங்கிப் படித்தபோது, அவற்றில் சில கதைகள் முரட்டுத்தனமாக இருந்தாலும் நேர்மையாக இருப்பதாக அவருக்குத் தோன்றியது. துப்பறியும் கதை எழுத்தாளர் எர்ல் ஸ்டான்லி கார்ட்னரின் குறுநாவல் ஒன்றை எடுத்து, அதன் கதைச்சுருக்கத்தை விரிவாக எழுதிக்கொண்டு, மூலத்தை மூடிவைத்துவிட்டு அந்தச் சுருக்கத்திலிருந்து கதையைத் தாமே எழுதி, மூலத்தோடு ஒப்பிட்டு, எங்கே சறுக்கியது என்று பார்த்து மறுபடியும் எழுதினார். இதைக் கார்ட்னருக்கே பின்னர் கடிதத்தில் தெரிவித்தார். முன்னாள் துணைத் தலைவர் ஒருவர் வீட்டில் உட்கார்ந்து இம்போசிஷன் எழுதுவது போன்ற காட்சி இது.

முதல் கதையை எழுத ஐந்து மாதம் ஆயிற்று. 'பிளாக் மாஸ்க்' இதழில் 1933 டிசம்பரில் வெளியானது. 18,000 சொற்கள், சொல்லுக்கு ஒரு சென்ட் வீதம் 180 டாலர். அந்தக் கையெழுத்துப் படியில் வலப்பக்க ஓரமும் அச்சுப் புத்தகத்தைப் போல நேர்கோட்டில் நிற்கும்படி தட்டச்சு செய்திருந்தார் என்று ஒரு செய்தி உண்டு. சாதாரணத் தட்டச்சுப்பொறியில் அப்படிச் செய்ய ஒவ்வொரு வரியிலும் எழுத்தை எண்ணி, சொற்களை இழுத்தும் நெருக்கியும் வைக்க வேண்டும். சொல்லுக்கு ஒரு சென்ட் தரும் பத்திரிகைக்கு அந்தப் பாடுபட்டவர் வேறு எவரும் இருந்திருக்க மாட்டார்.

பழைய கதைகளை ஒட்டுப்போட்டு நாவலாக்கினார் என்பது உண்மையா?

உண்மை, அவரும் அதை மறைக்கவில்லை. 1939இல் வந்த முதல் நாவலான 'தி பிக் ஸ்லீப்', 'கில்லர் இன் தி ரெயின்', 'தி கர்ட்டன்' என்ற இரண்டு இதழ்க்கதைகளை முதன்மையாகக் கொண்டு கட்டப்பட்டது. சில மாதங்களிலேயே எழுதி முடித்தார். ஆனால் ஒட்டுப்போட்டது என்ற சொல் தவறான எண்ணத்தைத் தருகிறது. பழைய பத்தியையும் புதிய பத்தியையும் அருகருகே வைத்துப் பார்த்தால்தான் என்ன நடந்திருக்கிறது என்பது விளங்கும். நாவலின் தொடக்கத்தில், ஆர்க்கிட் வளர்க்கும் கண்ணாடிக் குடிலில் கிழட்டு ஜெனரல் மார்லோவைச் சந்திக்கிறார். வெளியிலிருந்து வந்தவருக்குச் சட்டை நனையும் புழுக்கம். அந்த வெக்கையிலும் ஜெனரல் கம்பளி போர்த்திச் சக்கர நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். தமக்குக் குடிக்கக் கூடாது என்பதால், விருந்தினர் பிராந்தி குடிப்பதைப் பார்த்துத் திருப்தி அடைகிறார். பழைய கதையிலும் இந்தக் காட்சி உண்டு. ஆனால் அங்கே அது தகவல், நாவலில் அதற்கு வெப்பமும் வாடையும் வந்துவிடுகின்றன. இதழாசிரியர்கள் நறுக்கித் தள்ளியிருக்கக்கூடிய வரிகளுக்கு நாவலில்தான் இடம் கிடைத்தது.

'தி பிக் ஸ்லீப்' நாவலில் கார் ஓட்டுநரைக் கொன்றது யார்?

சாண்ட்லரைப் பற்றிய கேள்விகளிலேயே அதிகம் கேட்கப்படுவது இதுதான். ஜெனரல் வீட்டுக் கார் ஓட்டுநர் கடலில் விழுந்த காருக்குள் பிணமாகக் கிடக்கிறார். தற்கொலையா, கொலையா, கொலை என்றால் யார் செய்தது என்பதை நாவல் கடைசிவரை சொல்வதில்லை. ஹவர்ட் ஹாக்ஸ் இதைப் படமாக்கியபோது (1946இல் வெளியானது, மார்லோவாக ஹம்ஃப்ரி போகார்ட்) படக்குழுவுக்கு இந்தச் சந்தேகம் வந்து, சாண்ட்லருக்கே தந்தி அடித்தார்கள். தமக்கும் தெரியாது என்று பதில் வந்தது.

இதைச் சொல்லிச் சிரிப்பவர்கள், அவருக்குக் கதைப்பின்னல் வராது என்று முடித்துவிடுகிறார்கள். ஓரளவுக்கு அது சரிதான். இரண்டு கதைகளை ஒன்றாக்கும்போது இழை ஒன்று தொங்கிப்போய்விட்டது. ஆனால் நாவலைப் படித்து முடிக்கும்வரை அந்த இழை தொங்குவது பெரும்பாலானவர்களின் கண்ணில் படுவதில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். சந்தேகம் வந்தால் கையில் துப்பாக்கியோடு ஒருவனைக் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வரவிடுவது பல்ப் கதைகளின் வழக்கம் என்று தம் தொழிலைத் தாமே கிண்டல் செய்தவர் அவர்.

அப்படியானால் அவருடைய கதைகளில் எதைத் தேடிப் படிக்க வேண்டும்?

1948இல் எழுதிய கடிதம் ஒன்றில் அவரே இதற்கு விடை தந்திருக்கிறார். வாசகருக்குச் சம்பவம்தான் வேண்டும், வருணனை வேண்டாம் என்று இதழாசிரியர்கள் அவருடைய வரிகளை வெட்டிக்கொண்டிருந்தார்கள். வாசகர்கள் தாங்களும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் அவர்கள் மனத்தில் தங்குவது வேறு என்பது அவருடைய வாதம். ஒரு மனிதன் கொல்லப்பட்டான் என்பது அவர்கள் நினைவில் நிற்காது. சாகும் தருவாயில் அவன், வழவழப்பான மேசையின் மேல் கிடந்த ஒரு ஜெம் கிளிப்பை எடுக்க முயன்றுகொண்டிருந்தான். அது விரலுக்கு அகப்படாமல் வழுக்கிக்கொண்டே போயிற்று. சாவு வாசலில் வந்து நின்றபோதும் அவன் அதைக் கவனிக்கவில்லை. இதுதான் வாசகரை விடாமல் துரத்தும் என்கிறார்.

இந்த ஜெம் கிளிப்பை மனத்தில் வைத்துக்கொண்டு படித்தால் சாண்ட்லர் ஏமாற்றமளிக்க மாட்டார். அவருடைய புகழ்பெற்ற உவமைகளைப் பலர் நகலெடுத்திருக்கிறார்கள். உவமை எளிதில் நகலாகும் சரக்கு. மேசை மேல் விரல் தடுமாறும் அந்த இரண்டு வினாடியை எழுதியவர்கள் குறைவு. அதற்கேற்ற வேலைமுறையும் அவரிடம் இருந்தது. மஞ்சள் தாளைப் பாதியாக வெட்டி, அதில்தான் தட்டச்சு செய்வார். ஒரு துண்டில் பத்துப் பதினைந்து வரிக்கு மேல் கொள்ளாது. திருத்த வேண்டுமென்றால் வரியைத் திருத்தாமல் துண்டையே கிழித்துவிட்டு மறுபடியும் எழுதுவார். ஒவ்வொரு துண்டிலும் ஏதாவது ஒரு பொறி இருந்தாக வேண்டும் என்பது அவர் தமக்கு வைத்துக்கொண்ட விதி.

மார்லோ எப்படிப்பட்டவர்?

முதல் நாவலில் அவருக்கு வயது 33. கூலி நாளொன்றுக்கு 25 டாலரும் செலவுத் தொகையும். மாவட்ட வழக்கறிஞரின் அலுவலகத்தில் புலனாய்வாளராக இருந்து, கீழ்ப்படிய மறுத்ததற்காக வேலை இழந்தவர். ஹாலிவுட்டில் ஒரு கட்டடத்தின் ஆறாவது மாடியில் அலுவலகம். வீட்டில் தனியாக உட்கார்ந்து பழைய சதுரங்க ஆட்டங்களை ஆடிப் பார்ப்பார். இதழ்க்கதைகளில் மாலரி, கார்மடி, டால்மஸ் என்ற பெயர்களில் வந்தவர்களே நாவலில் மார்லோவாக உருத் திரண்டார்கள்.

'தி சிம்பிள் ஆர்ட் ஆஃப் மர்டர்' என்ற கட்டுரையில் (1944) சாண்ட்லர் இப்பாத்திரத்தின் இலக்கணத்தை வகுத்தார்: கேடுகெட்ட தெருக்களில் நடக்க வேண்டியவன், ஆனால் தான் கெட்டுப்போகாதவன். அதே கட்டுரையில் மாளிகையில் கொலை, நூலகத்தில் பிணம் என்ற ஆங்கிலேய மரபை விளாசினார். ஹாமெட் கொலையை எடுத்து, காரணத்தோடு கொலை செய்கிறவர்களிடமே திருப்பிக் கொடுத்தார் என்று பாராட்டினார். அகதா கிறிஸ்டியின் வாசகர்களுக்கு அந்தக் கட்டுரை இன்றும் எரிச்சல் மூட்டும். ஓரளவு அநியாயமான கட்டுரைதான்; புதிரை விரும்புவது குற்றமல்ல.

நாவல்களில் வரும் லாஸ் ஏஞ்சலஸ் உண்மையானதா?

பெரிதும் உண்மை. 1938இல் அந்நகர மேயர் ஃபிராங்க் ஷா ஊழல் புகார்களால் மக்கள் வாக்கெடுப்பின் மூலம் பதவியிலிருந்தே திரும்ப அழைக்கப்பட்டார். சட்டத்தின் கைக்கு எட்டாத தூரத்தில், கடலில் நங்கூரமிட்டு நின்ற சூதாட்டக் கப்பல்களுக்குக் கரையிலிருந்து படகில் ஆள் ஏற்றிச் சென்றார்கள். 1939இல்தான் அவற்றின் மேல் அரசு பாய்ந்தது. 1940இல் வந்த 'ஃபேர்வெல், மை லவ்லி'யில் மார்லோ அப்படிப்பட்ட கப்பலொன்றில் இரவோடு இரவாக ஏறுகிறார். அந்த நாவலிலும் பிறவற்றிலும் வரும் பே சிட்டி என்ற ஊர் சாண்டா மோனிகாவின் மாற்றுப்பெயர். விலைபோன காவலர்கள் அங்கே நிறைய வருவதால், உண்மைப் பெயரை விட்டுவிட்டது விவேகம்தான்.

இங்கிலாந்தில் வளர்ந்தவர் என்பதால், அமெரிக்கப் பேச்சை ஓர் அந்நிய மொழியைப் போலக் கற்க நேர்ந்தது என்று அவர் சொல்லியிருக்கிறார். உள்ளூர்க்காரர் காதில் விழாத சொல் வெளியிலிருந்து வந்தவர் காதில் விழும்.

ஹாலிவுட்டில் அவர் என்ன செய்தார்?

பணம் சம்பாதித்தார், சண்டை போட்டார், இரண்டு முறை ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். நாவலாசிரியர் ஜேம்ஸ் எம். கெய்னின் கதையை இயக்குநர் பில்லி வைல்டரோடு சேர்ந்து 'டபுள் இண்டெம்னிட்டி' (1944) திரைக்கதையாக்கினார். இருவருக்கும் ஒத்துப்போகவே இல்லை. வைல்டர் தம் மூக்குக்கு நேரே கைத்தடியை ஆட்டுகிறார், சன்னலை மூடு என்று ஏவுகிறார் என்றெல்லாம் எழுதித் தயாரிப்பாளரிடம் சாண்ட்லர் புகார்ப் பட்டியல் கொடுத்தார். ஆனாலும் படம் முதல் தரமாக வந்தது. அதில் ஓர் அலுவலகத் தாழ்வாரத்தில் நாற்காலியில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருப்பவர் சாண்ட்லரேதான்; பல பத்தாண்டுகள் எவரும் கவனிக்காமல் இருந்து அண்மைக்காலத்தில்தான் கண்டுபிடித்தார்கள்.

'தி புளூ டாலியா' (1946) கதை இன்னும் விசித்திரமானது. நாயகன் ஆலன் லாட் இராணுவப் பணிக்குத் திரும்ப வேண்டியிருந்ததால், திரைக்கதை முடியும் முன்பே படப்பிடிப்பைத் தொடங்கினார்கள். முடிவு எழுத வராமல் திணறிய சாண்ட்லர், போதையில் இருந்தால்தான் முடிக்க முடியும் என்று தயாரிப்பாளர் ஜான் ஹவுஸ்மனிடம் நிபந்தனை வைத்தார். வாசலில் இரவும் பகலும் கார்கள், முறைவைத்து வேலை செய்யும் செயலாளர்கள், உணவு இறங்காததால் குளுக்கோஸ் ஊசி போட ஒரு மருத்துவர் என்று எல்லாம் ஏற்பாடாயின, திரைக்கதையும் முடிந்தது. கொலைகாரன் போரில் காயமுற்ற கடற்படை வீரன் என்று அவர் வைத்திருந்ததைக் கடற்படை எதிர்த்ததால், குற்றத்தை வேறொருவர் தலையில் கட்ட நேர்ந்தது. இயக்குநர் ஹிட்ச்காக்குடன் 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் ஆன் எ டிரெயின்' (1951) படத்தில் வேலை செய்தபோதும் மனக்கசப்பே மிஞ்சியது.

அவருடைய மணவாழ்க்கை பற்றி ஏன் இவ்வளவு பேசப்படுகிறது?

மனைவி சிஸ்ஸி அவரைவிட 18 வயது மூத்தவர். சாண்ட்லரின் தாய் இந்த உறவை ஏற்கவில்லை. 1923இல் தாய் இறந்த பிறகு, 1924 பிப்ரவரியில் திருமணம் நடந்தது. மணச்சான்றிதழில் சிஸ்ஸி தம் வயதில் பத்தாண்டைக் குறைத்துப் போட்டார். முப்பது ஆண்டு சேர்ந்து வாழ்ந்தார்கள். ஓயாமல் வீடு மாற்றிக்கொண்டே இருந்து, 1946இல்தான் லா ஹோயாவில் கடலைப் பார்த்த வீட்டில் நிலைத்தார்கள். டாக்கி என்ற கருநிறப் பாரசீகப் பூனை கையெழுத்துப் படிகளின் மேல் உட்கார்ந்து கொள்ளும்.

சிஸ்ஸி நுரையீரல் நோயில் படிப்படியாக நலிந்துகொண்டிருந்த ஆண்டுகளில்தான் 'தி லாங் குட்பை' எழுதப்பட்டது. இங்கிலாந்தில் 1953இலும் அமெரிக்காவில் 1954இலும் வெளிவந்து, துப்பறியும் எழுத்துக்குத் தரப்படும் எட்கர் விருதைச் சிறந்த நாவலுக்காகப் பெற்றது. அதில் குடியால் எழுத முடியாமல் போன நாவலாசிரியர் ஒருவர் வருகிறார். அவர் யாரென்று ஊகிக்கத் துப்பறிவாளர் தேவையில்லை. 1954 டிசம்பர் 12 அன்று சிஸ்ஸி இறந்தார். இரண்டு மாதம் கழித்து சாண்ட்லர் தற்கொலைக்கு முயன்று பிழைத்தார். பிறகு அவர் எழுதி முடித்த நாவல் 1958இல் வந்த 'பிளேபேக்' ஒன்றுதான்.

சான் டியாகோவில் நடந்த அவருடைய இறுதிச் சடங்குக்கு 17 பேர் வந்தார்கள் என்பார்கள். சிஸ்ஸியின் அஸ்தி அடக்கம் செய்யப்படாமல் வேறொரு கல்லறை மாடத்தின் வைப்பறையில் கிடந்தது. வாசகர்கள் முயன்று நீதிமன்ற உத்தரவு பெற்று, 2011 பிப்ரவரி 14 அன்று அதைக் கணவரின் கல்லறையில் சேர்த்தார்கள். 56 ஆண்டு ஆயிற்று.

இன்று படிக்கும்போது உறுத்தும் இடங்கள் உண்டா?

உண்டு. கறுப்பின மக்களைப் பற்றியும் தன்பாலின ஈர்ப்பாளர்களைப் பற்றியும் மார்லோ பேசும் பேச்சு பல இடங்களில் முகம் சுளிக்க வைக்கும். 'ஃபேர்வெல், மை லவ்லி'யின் தொடக்கத்தில் ஒரு கறுப்பர் கொல்லப்படுகிறார். காவல்துறை அதைப் பொருட்படுத்துவதே இல்லை. அந்த அலட்சியத்தை நாவல் காட்டுகிறது என்றும் சொல்லலாம், நாவலே அதில் பங்குகொள்கிறது என்றும் சொல்லலாம்; இரண்டுக்கும் வரிகள் இருக்கின்றன. அழகான பெண் வந்தால் குற்றம் அவளிடம்தான் போய் முடியும் என்ற பழக்கமும் அவரை விடவில்லை. காலம் அப்படி என்று கடந்துபோவதைவிட, படிக்கும்போதே அதை அடையாளம் கண்டுகொள்வது நல்லது.

விமரிசகர்கள் அவரை இலக்கியவாதியாக ஏற்றார்களா?

அமெரிக்காவைவிட இங்கிலாந்து முந்திக்கொண்டது. கவிஞர் டபிள்யூ. எச். ஆடன் 1948இலேயே, சாண்ட்லரின் நூல்களைப் பொழுதுபோக்காகக் கருதாமல் கலைப்படைப்புகளாக மதிப்பிட வேண்டும் என்று எழுதினார். அமெரிக்கச் செவ்வியல் நூல்களை வெளியிடும் 'லைப்ரரி ஆஃப் அமெரிக்கா' வரிசையில் 1995இல் அவருக்கு இரண்டு தொகுதிகள் வந்தன. ஜேம்ஸ் பாண்டைப் படைத்த இயன் ஃபிளெமிங், 1958இல் பிபிசி வானொலியில் அவரோடு உரையாடினார். அந்தப் பதிவு இன்றும் கேட்கக் கிடைக்கிறது. இரண்டு தொழில்காரர்கள், கூலிக் கொலைக்கு எவ்வளவு கொடுக்க வேண்டியிருக்கும் என்று மரக்கறி விலை பேசுவது போலப் பேசிக்கொள்கிறார்கள்.

எந்த நாவலிலிருந்து தொடங்கலாம்?

வெளியான வரிசையில் படிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. 'தி பிக் ஸ்லீப்' நல்ல தொடக்கம். அடுத்து 'ஃபேர்வெல், மை லவ்லி'. நடையின் வேகத்துக்கு இதைத்தான் முதலில் வைப்பேன். கதைப்பின்னல் ஒழுங்காக இருக்க வேண்டும் என்பவர்களுக்கு 'தி லேடி இன் தி லேக்' (1943) பொருந்தும். 'தி ஹை விண்டோ'வும் (1942) 'தி லிட்டில் சிஸ்டர்'உம் (1949) அவசரமில்லாமல் பிறகு படிக்கலாம். இரண்டாவதில் ஹாலிவுட் மேல் அவருக்கிருந்த கசப்பு முழுவதும் கொட்டிக்கிடக்கிறது. 'தி லாங் குட்பை'யைக் குறைந்தது இரண்டு மார்லோ கதைகளுக்குப் பிறகு எடுப்பது நல்லது, ஏனென்றால் அதில் வருபவர் களைத்துப்போன மார்லோ. முன்பு அவர் எப்படி இருந்தார் என்று தெரிந்திருந்தால்தான் அந்தக் களைப்பு தெரியும். 'பிளேபேக்' மற்ற ஆறையும் படித்தவர்களுக்கு மட்டும்.